இரண்டாம் முறை

மண்டபம் முகாமிலிருந்து குன்னூருக்கு வந்து சேர்ந்த மறுநாள், சந்தைக்கடை ஒன்றில் அம்மா "ஒரு றாத்தல் பாண் தாருங்கள்" என்று கேட்டார். கடைக்காரர் விழித்தார். ஒரு பவுண்டு எடையைத்தான் இலங்கையில் றாத்தல் என்போம், ரொட்டியைப் பாண் என்போம். அவருக்கு றாத்தலும் தெரியவில்லை, பாணும் தெரியவில்லை. கேட்டது தமிழில்தான், நின்றதும் தமிழ்நாட்டில்தான். கடைசியில் ரொட்டியைக் கைநீட்டிக் காட்டி வாங்கினோம். அது 1974, எனக்கு ஒன்பது வயது. இலங்கையின் தேயிலை மலைநாட்டில், ஹட்டனில் இருந்தவரை எங்களைக் கள்ளத்தோணி என்றார்கள். இங்கே வந்ததும் சிலோன்காரர்கள் ஆனோம்.

1964 அக்டோபர் 30 அன்று கையெழுத்தான சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தம், இலங்கையில் வாழ்ந்த இந்திய வம்சாவளியினரில் 5,25,000 பேரை இந்தியா ஏற்றுக்கொள்ளும் என்று எழுதியது. அந்த எண்ணிக்கைக்குள் எங்கள் வீட்டார் ஐந்து பேர். தலைமன்னாருக்குப் போன ரயிலை 'அழுகைக் கோச்சி' என்றே தோட்டத்தில் சொல்வார்கள். கப்பலில் ராமேஸ்வரம், பிறகு மண்டபம், பிறகு மேட்டுப்பாளையம். மலை ஏறும்போது குளிர்காற்று முகத்தில் பட்டதும் பாட்டி, "நம் மலைக்கே திரும்பிப் போகிறோமா?" என்று கேட்டார். யாரும் பதில் சொல்லவில்லை.

எங்களைக் குடியமர்த்திய தேயிலைத் திட்டம் அப்போது வனத்துறையின் கையில் இருந்தது. 1976-இல்தான் டான்டீ என்ற தமிழ்நாடு தேயிலைத் தோட்டக் கழகமாயிற்று. லயத்து வீடு புதியது. நடவேண்டிய சரிவோ வெறும் மண். அம்மாவுக்கு நாற்றங்காலில் வேலை கிடைத்தது. கணுவோடு கூடிய ஒற்றை இலைத் துண்டை மண் நிரப்பிய பாலிதீன் பையில் செருகி, வேர் பிடிக்கும்வரை நிழலில் காக்க வேண்டும். ஹட்டனில் பதினைந்து வயதில் இதே வேலையைத்தான் தொடங்கியிருக்கிறார். முதுகு எந்த இடத்தில் வலிக்கும், அட்டை எங்கே ஏறும், பனி விழுந்த காலையில் விரல் எப்படி மரத்துப்போகும் என்பதெல்லாம் முதல் பையைத் தொடும் முன்பே அவருக்குத் தெரியும்.

ஞாயிற்றுக்கிழமைகளில் அப்பா வெலிங்டன் பக்கம் ஒரு ஓய்வுபெற்ற ஹவில்தார் வீட்டுத் தோட்டத்தில் களை எடுக்கப் போவார். நானும் ஒட்டிக்கொள்வேன். 1758-இல் வேர்விட்ட மதராஸ் ரெஜிமென்டின் பயிற்சி மையம் அங்கேதான் இருக்கிறது. 'வீர மதராஸி, அடி கொல்லு, அடி கொல்லு' என்ற முழக்கம் காற்று திரும்பும்போதெல்லாம் வீட்டு வாசல்வரை வரும். எனக்கு முதலில் பயமாக இருந்தது. பட்டாளத்துத் தாத்தா என்று நான் அழைத்த அந்தப் பெரியவர்தான் அதன் பொருளைச் சொல்லிப் பயத்தைப் போக்கினார். பர்மாவில் போரிட்டவர். எங்களைச் சிலோன்காரர்கள் என்று ஒருமுறைகூட அவர் சொன்னதில்லை. அப்பாவை 'தம்பி' என்றும் என்னை 'பாப்பா' என்றும்தான் அழைப்பார்.

ஒருநாள் அவர், போர்க்கள வீரத்துக்கான பிரிட்டனின் உச்ச விருதைப் பற்றிப் பேசும்போது, "விக்டோரியா கிராஸ் அண்ட் பார்" என்றார். "எதைப் பார்க்க வேண்டும், தாத்தா?" என்று கேட்டேன். தகரப் பெட்டியிலிருந்து தன் பர்மா நட்சத்திரத்தை எடுத்தார். சிவப்பும் நீலமும் ஆரஞ்சுமாக ரிப்பன், ஓரம் நைந்திருந்தது. என் தலையிலிருந்த கொண்டை ஊசியை உருவி அந்த ரிப்பனின் குறுக்கே வைத்தார். "இதுதான் பார். அதே விருதை இரண்டாம் முறை வாங்கினால் இன்னொரு பதக்கம் தரமாட்டார்கள். ரிப்பனில் இப்படி ஒரு பட்டை ஏற்றுவார்கள்."

1856-இல் தொடங்கிய அந்த விருதில் பட்டை பெற்றவர்கள் மூன்றே பேர். அதில் இருவர் மருத்துவர்கள் என்று தெரிந்த நாளில் எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. கொன்றதற்காக அல்ல, தூக்கி வந்ததற்காகக் கிடைத்த விருது அது. ஆர்தர் மார்ட்டின் லீக் 1902-இல் தென்னாப்பிரிக்காவில் முதலாவதைப் பெற்றார். பிறகு நம் நாட்டில் வங்காள – நாக்பூர் ரயில்வேயில் மருத்துவராக இருந்தார். 1914-இல் போர் மூண்டதும், நாற்பது வயதில், தானே தேடிப்போய்ச் சேர்ந்து இரண்டாவதைப் பெற்றார். நோயல் சவாஸ் 1908 ஒலிம்பிக்கில் ஓடியவர். 1916 ஆகஸ்டில் பிரான்சின் கில்மாண்டில் நாள் முழுவதும் குண்டுமழையில் காயம்பட்டவர்களைக் கவனித்தார். மறு ஆண்டு பெல்ஜியத்தில், தானே காயம்பட்ட பிறகும் பின்வாங்க மறுத்து, மீண்டும் மீண்டும் வெளியே போய் ஆட்களைத் தேடினார். அவரைக் கடைசியில் தூக்கி வந்தது மார்ட்டின் லீக்கின் ஆம்புலன்ஸ் பிரிவு. 1917 ஆகஸ்ட் 4 அன்று இறந்தார். பிராண்ட்ஹூக்கில் அவர் கல்லறைக் கல்லில் இரண்டு சிலுவைகள் பொறித்திருக்கிறார்கள்.

மூன்றாமவர் நியூசிலாந்தின் சார்லஸ் அப்ஹாம். 1941-இல் கிரீட், 1942-இல் எகிப்தின் ருவைசாத் மேடு. எனக்கு அவரைப் பிடித்ததற்குக் காரணம் வேறு. போர் முடிந்து ஊர் திரும்பியதும், அவருக்குப் பண்ணை வாங்கித் தர மக்கள் பத்தாயிரம் பவுண்டு திரட்டினார்கள். அவர் வாங்கிக்கொள்ளவில்லை. அந்தப் பணம் படைவீரர்களின் பிள்ளைகளுக்கு உதவித்தொகையாகப் போனது. மற்ற வீரர்களைப் போலவே மறுவாழ்வுக் கடன் வாங்கித்தான் நிலம் வாங்கி ஆடு வளர்த்தார். 'மறுவாழ்வு' என்ற சொல்லை எங்கள் குடும்ப அட்டையோடு சேர்த்தே கேட்டு வளர்ந்தவள் நான். அந்த வரியை இரண்டு தடவை படித்தேன்.

அமெரிக்காவில் உச்ச வீர விருதான மெடல் ஆஃப் ஹானரை இரண்டு முறை பெற்றவர்கள் 19 பேர். அவர்களில் லூயிஸ் சுகேலாவும் மத்தேய் கோசாக்கும் பிழைக்க வந்த தேசத்துக்காகப் போரிட்டவர்கள். போர்க்கள வீரத்துக்கான நம் உச்ச விருதான பரம்வீர் சக்கரத்தை இரண்டு முறை பெற்றவர் எவரும் இல்லை. பெற்ற 21 பேரில் 14 பேருக்கு உயிர்போன பிறகே கிடைத்தது. அடுத்த நிலையிலுள்ள மகாவீர் சக்கரத்தை ஆறு பேர் இருமுறை பெற்றிருக்கிறார்கள். அவர்களில் லடாக்கின் செவாங் ரின்சென் 1948-இல் முதலாவதைப் பெற்றபோது பதினேழு வயதுப் பையன், 1971-இல் இரண்டாவது.

அந்த 21 பேரில் ஒருவர் மேஜர் ராமசாமி பரமேஸ்வரன். இந்திய அமைதிப்படையில் போன அவர், 1987 நவம்பர் 25 அன்று வீழ்ந்தது இலங்கை மண்ணில். அந்தச் செய்தி வந்தபோது அப்பா வானொலியை அணைக்கவும் இல்லை, சத்தத்தைக் கூட்டவும் இல்லை. விட்டு வந்த நாடும் வந்து சேர்ந்த நாடும் ஒரே செய்திக்குள் இருந்தன. அன்று இரவு வீட்டில் யாரும் சரியாகச் சாப்பிடவில்லை.

பட்டாளத்துத் தாத்தா சொன்ன ஒன்றை அம்மாவும் கேட்டிருக்கிறார். அன்று எங்களை அழைத்துப்போக வந்து, மழைக்கு ஒதுங்கி வாசலில் நின்றிருந்தார். "முதல் தடவை போகிறவனுக்கு அங்கே என்ன இருக்கிறது என்று தெரியாது, பாப்பா. இரண்டாம் தடவை போகிறவனுக்கு எல்லாம் தெரியும்." அம்மா ஒன்றும் பேசவில்லை, முந்தானையால் என் தலையைத் துவட்டிவிட்டு நடந்தார்.

1978-இல் நாங்கள் நட்ட சரிவில் முதல் கொழுந்து எடுத்தார்கள். அம்மா கூடையை இறக்கி வைத்து, நான்கு வருடப் பழக்கத்தையும் மறந்து, "எத்தனை றாத்தல்?" என்று கேட்டுவிட்டார். நிறுவைக்காரர் படுகர், ஊர்க்காரர். தராசைப் பார்த்துப் பதினொரு கிலோ என்று புத்தகத்தில் எழுதினார். பிறகு விரல்விட்டுக் கணக்குப் போட்டு, "இருபத்து நான்கு றாத்தல், அம்மா" என்றார்.