மூன்றாவதாக ஓடி வந்தவன்

எங்கள் கல்லூரி மைதானத்தில் ஓடியவர்களுக்கு அந்தக் காலத்தில் கிடைத்த ஊட்டமெல்லாம் குளுக்கோஸ்தான். மெய்வல்லுநர் திறனாய்வுப் போட்டி அன்று ஒவ்வொரு இல்லத்தின் கொட்டிலிலும் ஒரு பெட்டி திறந்திருக்கும். மேல்வகுப்பு அண்ணா யாராவது ஒரு கரண்டி அள்ளி உள்ளங்கையில் போடுவார். அதை நக்கிக்கொண்டே ஓட்டம் தொடங்கும் இடத்துக்குப் போவோம். பாதித் தேசிக்காயும் சேர்ந்து கிடைத்தால் நம்மில் இல்லத்துக்கு நம்பிக்கை இருக்கிறது என்று அர்த்தம். வெறுங்கால், சுண்ணாம்பால் கோடு கீறிய புல்தரை, முழங்காலில் சித்தாலேப மணம். பின்னேரம் புள்ளிப் பலகையில் இலக்கம் மாற மாறத் தொண்டை கட்டும்வரை கத்துவோம்.

விளையாட்டு நினைவுகளை எழுதித் தரும்படி எங்கள் பழைய மாணவர் சங்க மலர்க்குழுவினர் கேட்டார்கள். வெற்றிகளைப் பற்றி எழுத நிறையப் பேர் இருக்கிறார்கள். வென்ற கிண்ணங்களும் அதிபர் அலுவலகக் கண்ணாடி அலுமாரியில் பத்திரமாக இருக்கின்றன. அந்த அலுமாரிக்குள் வராமல் போன ஒன்றைப் பற்றி எழுதலாம் என்று நினைக்கிறேன்.

எங்கள் பி.ரி. மாஸ்ரரை (உடற்பயிற்சி ஆசிரியரை) அந்தக் காலத்து மாணவர்கள் யாரும் மறந்திருக்க மாட்டீர்கள். பயிற்சி முடிந்து வேர்க்க விறுவிறுக்க நாங்கள் புல்லில் விழுந்து கிடக்கும்போது எதிர்வீரசிங்கத்தின் கதையைச் சொல்வார். 1958இல் டோக்கியோவில் நடந்த ஆசிய விளையாட்டுப் போட்டியில் உயரம் பாய்தலில் தங்கம் வென்றவர். ஆசியப் போட்டியில் இலங்கைக்குக் கிடைத்த முதல் தங்கம் அதுதான். “உங்களை மாதிரி யாழ்ப்பாணத்திலை பள்ளிக்கூடம் போன பெடியன்தான்” என்று சொல்லி முடிப்பார். அதைக் கேட்ட பிறகு இன்னொரு சுற்று ஓடச் சொன்னாலும் ஓடுவோம்.

எழுபதுகளின் நடுப்பகுதியில் 15 வயதின் கீழ் 100 மீற்றரில் எங்கள் நம்பிக்கை என் வகுப்புத் தோழன் ஒருவன். இன்றும் ஊரிலேயே கடை வைத்திருக்கிறான், பெயரைப் போட்டால் விரும்பமாட்டான். அவன் ஓடும்போது காலடிச் சத்தமே கேட்காது. கல்லூரியில் அவனுக்குக் கிட்ட வர ஆளில்லை.

பட்டணத்தில் மாவட்டப் போட்டி. முதல் இரண்டு இடங்களுக்கு வருபவர்கள்தான் அடுத்த கட்டத்துக்குப் போகலாம். கோட்டில் நின்றவர்களில் ஒருவருக்கு மீசை சவரம் செய்த தழும்பு தெரிந்தது. தோளும் தொடையும் எங்கள் உயர்தர வகுப்பு அண்ணாமார் அளவு. விசில் ஊதியதும் அவர் ஐந்தாறு பாகம் முன்னால் போய்விட்டார். இரண்டாவதாக வந்தவன் நல்ல ஓட்டக்காரன், எங்கள் பையனை நெஞ்சளவில் முந்தினான். எங்கள் பையன் மூன்றாவது.

எனக்குப் பக்கத்தில் நின்ற, வென்றவரின் ஊர்ப் பெடியன் ஒருவன் மெதுவாகச் சொன்னான்: “அது அவன் இல்லை. அவன்ர தமையன். தம்பியின்ர பேர்த் சேர்ட்டிபிக்கற்றிலை ஓடுறார்.”

பி.ரி. மாஸ்ரரிடம் ஓடிப்போய்ச் சொன்னோம். அவர் அந்த இடத்திலேயே எழுத்தில் முறையிட்டார். மேசையில் இருந்தவர்கள் பத்திரத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்கள். பெயர் சரி, திகதி சரி, முத்திரை சரி. “பத்திரத்தை வைச்சுத்தானே நாங்கள் முடிவெடுக்கலாம், மாஸ்ரர்” என்று சொல்லிவிட்டார்கள். பத்து யார் தள்ளி நின்றவரின் முகத்தை ஒருவராவது நிமிர்ந்து பார்த்திருக்கலாம்.

திரும்பி வரும்போது பஸ்ஸில் என் தோழன் கேட்டான்: “சேர், அந்த அண்ணாவைக் கூட்டிக்கொண்டு வந்த மாஸ்ரருக்கு இது தெரியாதோ?” சேர் யன்னலுக்கு வெளியே பார்த்தபடி வந்தார். “தெரியும்” என்று மட்டும் சொன்னார்.

அந்தப் பதில் என்னை விட்டுப் போகவேயில்லை. ஓடியவருக்குப் பதினெட்டு வயதுதான் இருக்கும். வீட்டிலிருந்து தம்பியின் பத்திரத்தை எடுத்துக் கொடுத்தவர் ஒரு பெரியவர். விண்ணப்பத்தில் கையெழுத்து வைத்தவர் இன்னொரு பெரியவர். பார்த்தும் பாராமல் இருந்தவர்களும் பெரியவர்கள். அடுத்த ஆண்டு எங்கள் பக்கத்திலும் அதே யோசனை எழுந்தது. “எல்லாரும் செய்யிறாங்கள், நாங்கள் மட்டும் ஏன் மாஸ்ரர் தோற்கவேணும்?” என்று பெரியவர்கள் சிலர் மைதானத்துக்கே வந்து கேட்டார்கள். பி.ரி. மாஸ்ரர் வீரர் பட்டியலை அவர்களிடம் நீட்டினார். “அப்ப நீங்களே கூட்டிக்கொண்டு போங்கோ, நான் வரேல்லை” என்றார். பேச்சு அத்தோடு நின்றது. அந்த ஆண்டு எங்களுக்குக் கிண்ணம் கிடைக்கவில்லை. என் தோழன் அதற்குள் ஓட்டத்தை விட்டுவிட்டு, பள்ளிக்கூடம் விட்டதும் தகப்பனின் கடைக்குப் போகத் தொடங்கியிருந்தான்.

காலம் எங்களை எங்கெங்கோ கொண்டுபோய்ப் போட்டது. 1988இல் நான் ரொறன்ரோவில், வெல்லஸ்லி – பார்லிமென்ற் பக்கம் ஓர் அடுக்குமாடியில் ஊர்ப் பெடியளோடு இருந்தேன். இரவில் ஓர் உணவகத்தில் கோப்பை கழுவும் வேலை. அங்கே சமையல்காரர் ஜமேக்கர். அவருக்கும் எனக்கும் பொதுவான ஆள் ஒருவர் உண்டென்றால் அது கனடாவின் ஓட்டவீரர் பென் ஜோன்சன்தான். 1976இல் ஜமேக்காவிலிருந்து வந்து ஸ்காபரோவில் வளர்ந்தவர், கொஞ்சம் திக்கிப் பேசுபவர், எங்களைப் போலவே வந்தேறி. 1987இல் உரோமில் 100 மீற்றரை 9.83 செக்கனில் ஓடி உலக சாதனை வைத்திருந்தார்.

தென்கொரியாவில் சோல் ஒலிம்பிக்கில் செப்டெம்பர் 24, சனிக்கிழமை மதியம் 100 மீற்றர் இறுதி ஓட்டம். எங்களுக்கு அது வெள்ளி இரவு, நடுச்சாமம் ஆகப் போகிறது. சின்ன ரீவிக்கு முன்னால் அறை நிறையச் சனம். ஜோன்சன் கோட்டைத் தாண்டுவதற்கு முன்பே கையை உயர்த்திவிட்டார். 9.79. அமெரிக்காவின் கார்ல் லூயிஸ் 9.92. எங்கள் அடுக்குமாடி முழுவதும் கத்தியது. பிரதமர் மல்ரோனி தொலைபேசியில் வாழ்த்தியதையும் ரீவியில் காட்டினார்கள். இந்த நாட்டில் நமக்கும் ஓர் இடம் இருக்கிறது என்று அன்று உண்மையாகவே நினைத்தேன்.

திங்கட்கிழமை செய்தி வந்தது. அவருடைய சிறுநீரில் ஸ்ரனோசொலோல் என்ற, தசையைக் கூட்டும் ஸ்ரீரொய்ட் மருந்து இருந்ததாம். பதக்கம் பறிபோனது. சமையல்காரர் அன்று யாரோடும் கதைக்கவில்லை. வென்ற அன்று ‘கனேடிய வீரர்’ என்று எழுதிய பேப்பர்கள் சில, இப்போது ‘ஜமேக்காவில் பிறந்த’ என்று எழுதத் தொடங்கின. அதுவும் வலித்தது. ஆனால் அதற்குப் பிறகு நடந்ததுதான் எனக்கு முக்கியம்.

கனடா அரசாங்கம் நீதிபதி சாள்ஸ் டபின் தலைமையில் ஒரு விசாரணைக் குழுவை அமைத்தது. 1989 ஜனவரியில் ரொறன்ரோவில் அமர்வுகள் தொடங்கின, ரீவியிலும் காட்டினார்கள். வேலை முடிந்து வந்து கிடைத்ததையெல்லாம் பார்த்தேன், மிச்சத்தைப் பேப்பரில் எழுத்துக்கூட்டி வாசித்தேன். என் ஆங்கிலத்தில் பாதி அந்த விசாரணையில் படித்தது.

ஜோன்சனின் பயிற்றுநர் சார்ளி பிரான்சிஸ் சாட்சி சொன்னார், நாள் கணக்காக. ஜோன்சன் 1981இலிருந்தே மருந்து எடுத்து வந்தார் என்றார். உச்சநிலைப் போட்டியில் ஸ்ரீரொய்ட் ஏறக்குறைய ஒரு மீற்றர் பெறுமதி என்பது அவருடைய கணக்கு. மற்றவர்கள் எடுக்கும்போது நீ எடுக்காவிட்டால் ஒரு மீற்றர் பின்னால் நின்று ஓடத் தொடங்குகிறாய் என்ற நியாயம். அதைக் கேட்டபோது எங்கள் மைதானத்துக்கு வந்து “எல்லாரும் செய்யிறாங்கள்” என்று நின்றவர்களின் குரல் எனக்குக் கேட்டது. அப்புறம் அந்த வைத்தியர் ஜேமி அஸ்ரபான். மருந்தைக் கொடுத்தவரே ஒரு வைத்தியர் என்பதை இன்றும் என்னால் பொறுக்க முடிவதில்லை. ஜூன் மாதம் ஜோன்சனே வந்து ஒத்துக்கொண்டார். முன்பு மறுத்துப் பொய் சொன்னது வெட்கத்தால்தான் என்றார்.

இத்தனை காலம் எப்படிப் பிடிபடாமல் இருந்தார்கள் என்ற கேள்விக்கும் அங்கேதான் விடை கிடைத்தது. மருந்து வேலை செய்வது பயிற்சிக் காலத்தில். மாதக்கணக்காக எடுத்து உடம்பைக் கட்டிவிட்டு, போட்டிக்குச் சில வாரங்களுக்கு முன் நிறுத்திவிடுவார்கள். போட்டி நாளில் சோதித்தால் உடம்பில் ஒன்றும் இருக்காது. ஆகவே முன்னறிவிப்பில்லாமல், பயிற்சிக் காலத்திலேயே போய்ச் சோதிக்க வேண்டும் என்று டபின் 1990இல் வெளியான அறிக்கையில் வற்புறுத்தினார். இந்தப் பழக்கம் பரவியிருப்பதை அறிந்திருந்தும் அசையாமல் இருந்த விளையாட்டு அமைப்புகளையும் அவர் விடவில்லை. தம்பியின் பத்திரத்தை மேசையில் வைத்துச் சரி பார்த்தவர்களுக்கும் இவர்களுக்கும் என்ன வித்தியாசம்? இருவரும் தாளைப் பார்த்தார்கள், ஆளைப் பார்க்கவில்லை.

ஜோன்சன் 1993இல் மறுபடியும் பிடிபட்டு ஆயுள் தடை பெற்றார். அவருக்கு நான் வக்காலத்து வாங்க வரவில்லை. ஆனால் சோல் ஓட்டத்தின் தங்கம் கைமாறிக் கிடைத்த லூயிஸ், அதே 1988இல் அமெரிக்கத் தெரிவுப் போட்டியில் தடைசெய்யப்பட்ட ஊக்கிகளுக்காகச் சோதனையில் சிக்கியிருந்தார். தெரியாமல் நேர்ந்தது என்று அமெரிக்க ஒலிம்பிக் குழு விட்டுவிட்டது, வெளியில் வந்தது 2003இல். வெள்ளி பெற்ற லின்போர்ட் கிறிஸ்ரிக்கு 1999இல் நன்ட்ரொலோன் என்ற ஸ்ரீரொய்ட் விவகாரத்தில் தடை வந்தது.

இவர்களுக்கெல்லாம் பின்னால், 9.99 செக்கனில் நான்காவதாக ஓடி வந்தவர் கல்வின் சிமித். ஜோன்சனை நீக்கியதும் அவருக்கு வெண்கலம் கிடைத்தது. 1983இல் 9.93 ஓடி உலக சாதனை வைத்திருந்தவர், 200 மீற்றரில் இரண்டு தடவை உலக வெற்றியாளர். அவர்மேல் எந்தக் காலத்திலும் ஊக்கமருந்துக் குற்றச்சாட்டு வந்ததில்லை. அந்த ஓட்டத்தைப் பற்றி மணிக்கணக்காகக் கதைப்பவர்களிடம் கல்வின் சிமித்தைக் கேட்டுப் பாருங்கள், பெரும்பாலும் யாரென்றே தெரியாது. எனக்குத் தெரிந்ததற்குக் காரணம் என் வகுப்புத் தோழன். எந்த ஓட்டத்தைப் பார்த்தாலும் பின்னால் வருபவனைத் தேடும் பழக்கம் அவனால் வந்தது.

2000இல் சிட்னி ஒலிம்பிக்கில் நம் நாட்டுப் பெண்ணுக்கும் இதே கதைதான். சுசந்திகா ஜயசிங்க 200 மீற்றரில் 22.28 செக்கன் ஓடி மூன்றாவதாக வந்தார். வென்றவர் மரியன் ஜோன்ஸ். 2007இல் மரியன் ஜோன்ஸ் ஊக்கமருந்து எடுத்ததை ஒத்துக்கொண்டார், பதக்கங்கள் பறிக்கப்பட்டன. சுசந்திகாவின் வெண்கலம் வெள்ளியானது 2009 டிசம்பரில். ஒன்பது வருடம்! வெள்ளிக்குரிய மேடையில், உலகம் பார்க்க, அந்த மாலைப் பொழுதில் நிற்கும் உரிமையை எந்தக் குழுவால் திருப்பிக் கொடுக்க முடியும்?

சோதனை செய்பவர்களும் பிழைவிடுவார்கள் என்பதையும் சொல்ல வேண்டும். கிரிக்கெட் வீரர் குசல் ஜனித் பெரேரா 2015 கடைசியில் இடைநிறுத்தப்பட்டார். ஆய்வுகூடத்தின் முடிவு நிலைக்காது என்று 2016 மே மாதம் குற்றச்சாட்டைக் கைவிட்டார்கள். அதற்குள் ரி20 உலகக் கிண்ணம் முடிந்துவிட்டது. ஆகவே ஊரில் ஒரு பிள்ளை நன்றாக ஓடினால் உடனே சந்தேகப்படுங்கள் என்று நான் சொல்லவில்லை. பிள்ளைகளைச் சுற்றி நிற்கும் பெரியவர்களைத்தான் கவனிக்கச் சொல்கிறேன்.

அந்தப் பெரியவர்களில் இப்போது நாங்களும் இருக்கிறோம். ரொறன்ரோ, லண்டன், சிட்னி என்று எல்லாக் கிளைகளும் கல்லூரி விளையாட்டுக்குப் பணம் அனுப்புகிறோம். நல்ல காரியம். சப்பாத்து, பயிற்றுநர் சம்பளம், மைதானத் திருத்தம் எல்லாம் எங்கள் காசில் நடக்கிறது. கூடவே வட்ஸ்அப் குழுவில் “இந்த முறை கிண்ணம் எங்களுக்குத்தான் வரவேணும்” என்றும் எழுதுகிறோம். அந்த வரி அதிபரிடம் போகிறது, அவரிடமிருந்து பயிற்றுநரிடம், கடைசியில் பதினாறு வயதுப் பிள்ளையிடம். இலங்கையில் பாடசாலை ரகர் (றக்பி) வீரர்களே ஊக்கமருந்துச் சோதனையில் சிக்கியிருக்கிறார்கள். உடம்பு போடுவதற்கென்று கடையில் வாங்கும் மாவில் என்ன கலந்திருக்கிறது என்று அந்தப் பிள்ளைகளுக்கு யார் சொல்லிக் கொடுக்கிறார்கள்? தடைசெய்த மருந்துகளைக் கண்காணிக்க 2013இல் சட்டம் வந்து, அதற்கென ஒரு நிறுவனமும் நாட்டில் இயங்குகிறது. ஆனால் ஒவ்வொரு பள்ளிக்கூட மைதானத்துக்கும் அவர்கள் வரப்போவதில்லை.

சங்க நிர்வாகக் குழுவிடம் என் வேண்டுகோள் இதுதான். எங்கள் காசில் சம்பளம் பெறும் பயிற்றுநரின் உடன்படிக்கையில், வயது மாற்றியோ மருந்து கொடுத்தோ ஒரு பிள்ளையைப் போட்டிக்கு இறக்கினால் பணம் அன்றே நிறுத்தப்படும் என்று ஒரு வரி சேர்க்க வேண்டும். மாவட்டப் போட்டிக்குப் போகும் அணியின் பெயர்களையும் வயதுப் பிரிவுகளையும் ஒரு வாரத்துக்கு முன்பே கல்லூரி அறிவித்தல் பலகையில் போட வேண்டும். ஊர்ச் சனம் பார்த்தால் எது தமையன், எது தம்பி என்று ஐந்து நிமிடத்தில் சொல்லிவிடும். வெற்றி இல்லத்துக்குக் கிண்ணம் வாங்கும் காசில் ஒரு பங்கை, தோற்றாலும் தொடர்ந்து பயிற்சிக்கு வரும் பிள்ளைகளின் பஸ் செலவுக்கும் சாப்பாட்டுக்கும் ஒதுக்கினால் இன்னும் நல்லது.

வைத்தியர்களாக இருக்கும் எங்கள் பழைய மாணவர்கள் இங்கே பலர் இருக்கிறார்கள். வருடத்துக்கு ஒரு தடவை, மெய்வல்லுநர் போட்டிக்கு முன்னர், சூம் வழியாகப் பிள்ளைகளோடும் பெற்றோரோடும் ஒரு மணித்தியாலம் கதைக்க முன்வந்தால் போதும். முதல் கூட்டத்தை ஒழுங்கு செய்யும் வேலையை நான் பொறுப்பெடுக்கிறேன். விருப்பமானவர்கள் சங்கச் செயலாளரிடம் பெயரைக் கொடுங்கள்.