ஆளைக் கொணர்ந்த பிறகு

12 செப்டம்பர் 2024, வியாழன், சாட்ஸ்வர்த்

காலை நாலரைக்கு அண்ணன் போன். கோவில்பட்டியில் மணி எட்டு. நான் தென்னாப்பிரிக்காவுக்கு, இந்த டர்பனுக்கு வந்து பதினோரு வருடம். இந்த மூன்றரை மணி நேரம் அவன் மண்டையில் ஏறவே இல்லை.

"பாப்பா, புள்ள வீட்ட விட்டுப் போயிட்டா."

22 வயது. கூட வேலை பார்த்த பையனோடு. ஸ்டேஷனில், மேஜர் பெண், நாங்கள் என்ன செய்ய என்றார்களாம். உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ஆட்கொணர்வு மனு போடலாம் என்கிறார் வக்கீல். ஐம்பதாயிரம் கேட்டான், அனுப்பிவிட்டேன். அழுகிற அண்ணனிடம் கேள்வி கேட்க எனக்கு வராது.

15 செப்டம்பர், ஞாயிறு

மனுவை வாட்ஸ்அப்பில் அனுப்பியிருக்கிறான். "சட்டவிரோதமாக அடைத்து வைக்கப்பட்டுள்ள என் மகளை மீட்டு என்னிடம் ஒப்படைக்க" என்று முடிகிறது. மாடு தொலைந்தவன் எழுதியது மாதிரி.

காரணம் சொல்லாமல் பிடித்து வைக்கப்பட்டவனுக்காக வந்த மனு இது. வைத்திருப்பவர் ஆளை நீதிபதி முன் நிறுத்தி, எந்தச் சட்டப்படி வைத்தேன் என்று சொல்லியாக வேண்டும். இங்கே பின்பற்றும் ரோமன்-டச்சு சட்டத்திலும் இப்படி ஒன்று உண்டு. அதன் லத்தீன் பெயருக்கே 'சுதந்திரமான மனிதரைக் காட்டு' என்றுதான் அர்த்தம். அண்ணன் மகளை அடைத்து வைத்தது யார்? இதைப் பணம் அனுப்பும் முன்பே கேட்டிருக்கலாம்.

21 செப்டம்பர், புரட்டாசி முதல் சனி

பக்கத்து வீட்டு ஆயா பூசணிக்காய்க் கறி கொண்டுவந்தார். விஷயத்தைச் சொன்னேன். சிரித்தார். "எனக்கு அப்போ இருபது. அப்பா கையெழுத்து போடல. இருபத்தொண்ணு ஆன மறுவாரமே கட்டிக்கிட்டோம்." அப்பா கையெழுத்து தேவைப்படாத அந்த இருபத்தொன்று, 2007 ஜூலை 1 முதல் இங்கே பதினெட்டு. என் மகனுக்கு அடுத்த மாதம் பதினெட்டு முடிகிறது. நல்லவேளை, ஆயா அதைக் கேட்கவில்லை.

ராத்திரி ஹாதியா வழக்கைப் படித்தேன். சேலத்தில் ஹோமியோபதி படித்த பெண். அப்பா போட்ட இதே மனுவில், 2017 மே மாதம் கேரள உயர் நீதிமன்றம் அவள் திருமணத்தையே செல்லாது என்று சொல்லி அப்பாவிடம் அனுப்பியது. உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது 2018 மார்ச்சில். தன் கல்யாணம் செல்லும் என்று கேட்க அவளுக்குப் பத்து மாதம்.

26 செப்டம்பர், வியாழன்

பத்து நிமிடம்கூட ஆகவில்லையாம். போலீஸ் கூட்டிவந்தது. நீதிபதிகள் இருவரும் அவளைத் தனியாகக் கேட்டார்கள். விருப்பப்பட்டுத்தான் போனேன், திரும்பிப் போக மாட்டேன் என்றாள். விருப்பம் போல் போகலாம் என்று மனுவை முடித்துவிட்டார்கள்.

"ஆள கொண்டு வந்தாங்க பாப்பா. குடுக்கல."

பேரிலேயே குழப்பம். கொணர்வது கோர்ட் வாசல் வரைக்கும்தான். வக்கீல் இதைச் சொல்லித்தானே ஃபீஸ் வாங்கியிருக்க வேண்டும்?

27 செப்டம்பர், வெள்ளி

அண்ணன் மகளிடமிருந்து மெசேஜ். "அத்தை, வக்கீலுக்கு நீங்கதான் பணம் குடுத்தீங்களாமே. பரவால்ல. என் சர்ட்டிபிகேட் எல்லாம் பீரோவுல இருக்கு, அப்பா தரமாட்டேங்கிறார். நீங்க கேட்டா தருவார்."

நாலரைக்கு அலாரம் வைத்திருக்கிறேன். எட்டரைக்கு அவன் கடைக்குக் கிளம்பிவிடுவான்.