பாட்டி பார்க்காத பூம்பறை

மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் நாங்கள் இருந்த ரப்பர் தோட்டத்தில் கோயில் என்றால் ஒரு தகரக் கூரை, அதன் கீழே ஒரு வேல். அவ்வளவுதான். எதிரே, வேலைக்குப் போகிறவர்களின் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் ஆயாக்கொட்டகை. அம்மா இருட்டோடு பெரட்டுக்கு, அதாவது வேலைக்கு ஆள் கணக்கெடுக்கும் இடத்துக்கு, போய்விட்டால் எனக்குப் பாட்டிதான் எல்லாம். பால்மர (ரப்பர் மர)க் காட்டுப் பேய்க்கதைகள் அலுத்த நாட்களில் பூம்பறை கதையை எடுப்பார்.

"பழனிக்கும் மேல, மேகத்துக்குள்ள ஒரு ஊரு. அங்க முருகன் இன்னும் கைக்குழந்தைதான்."

அருணகிரிநாதர் மலையேறி வந்து களைப்பில் அந்தக் கோயிலிலேயே தூங்கிவிடுகிறார். அவரைக் கொல்ல ஒரு ராட்சசி வருகிறாள். முருகன் தன் காவித் துணியை அவர்மேல் போர்த்திவிட்டு, குழந்தையாகிப் பக்கத்தில் படுத்துக்கொள்கிறான். இருட்டில் பார்த்தவள், யாரோ ஒரு தாயும் பிள்ளையும் என்று நினைத்துத் திரும்பிப் போய்விடுகிறாள். பாட்டி கதையில் அவள் அழுதுகொண்டே போவாள். ஏன் அழுதாள் என்று கேட்டால் பதில் வராது.

பாட்டி வத்தலக்குண்டுப் பக்கத்துக்காரர். சின்ன வயதில் நாகப்பட்டினத்தில் ரஜூலா கப்பல் ஏறி பினாங்கில் இறங்கியவர். கொடைக்கானல் மலையைக் கீழேயிருந்து பார்த்ததோடு சரி. அவர் ஏறாத மலைக்கு, ஓய்வுபெற்ற பால்மரத் தொழிலாளியான என் அம்மாவுடன் போன மாதம் போய்வந்தேன்.

கோலாலம்பூரிலிருந்து திருச்சி, அங்கிருந்து வத்தலக்குண்டு, அப்புறம் மலைப்பாதை. வளைவுகளில் அம்மா இரண்டு முறை வாந்தி எடுத்தார். ஆனாலும் எலுமிச்சம்பழத்தை முகர்ந்துகொண்டே "போ, போ" என்றார். கொடைக்கானலில் ஓர் இரவு தங்கி, காலையில் வண்டி பிடித்தோம். பூம்பறைக்குச் சுமார் 18 கிலோமீட்டர்தான், ஆனால் அந்தச் சாலைக்கு அவசரமே கிடையாது. கடைசித் திருப்பத்தில் ஓட்டுநர் தானாகவே வண்டியை நிறுத்தினார். கீழே பள்ளத்தாக்கில் சிவப்பு ஓட்டு வீடுகள் நெருக்கியடித்துக்கொண்டு இருந்தன. சுற்றிலும் படிப்படியாக வெட்டிய வயல்கள், பூண்டும் கேரட்டும் உருளையும். மலேசியாவில் நம் கேமரன் மலையில் பார்க்கிற இடமெல்லாம் பிளாஸ்டிக் கொட்டகை. இங்கே மண் வெயிலுக்கும் பனிக்கும் திறந்து கிடக்கிறது. உயரமும் கேமரன் மலையின் தானா ராத்தா ஊரைவிட அதிகம், 1,900 மீட்டரை ஒட்டி. குளிர் காதைக் கடித்தது.

குழந்தை வேலப்பர் கோயில் சிறியதுதான். சேரர் காலத்தது என்கிறார்கள். பழனித் தண்டாயுதபாணியைப் போலவே இந்த மூர்த்தியும் போகர் சித்தர் ஒன்பது பாடாணங்களைச் சேர்த்துச் செய்த நவபாஷாணம் என்பது ஐதீகம். பழனியில் கூட்டத்தோடு கூட்டமாகத் தள்ளப்பட்டு, நின்றோமா நகர்ந்தோமா என்று தெரியாமல் வெளியே வந்த அனுபவம் எனக்கு உண்டு. இங்கே திருவிழா நாள் இல்லாததால் எங்களோடு சேர்த்து ஏழெட்டுப் பேர்தான் இருந்தோம். எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் நிற்கலாம். அம்மா நின்றார். வழக்கமாக அவர் வேண்டுதல் பட்டியல் நீளமானது. அன்று உதடுகூட அசையவில்லை.

குருக்கள் அருணகிரிநாதர் கதையைச் சொன்னார். திருப்புகழில் இந்த ஊருக்கும் பாட்டு உண்டு என்றார். ராட்சசி திரும்பிப் போனதோடு முடித்துவிட்டார். அம்மாவுக்குத் திருப்தி இல்லை. "சாமி, அவ அழுதாளா?" என்று கேட்டார். குருக்கள் சிரித்துக்கொண்டே "எங்க ஊருல அப்படிச் சொல்றதில்லையேம்மா" என்றார்.

வெளியே பூண்டு விற்ற அக்காவோடு அம்மா அரைமணி நேரம் உட்கார்ந்துவிட்டார். இந்த மலைப்பூண்டுக்கு 2019இல் புவிசார் குறியீடு கிடைத்திருக்கிறது. புகைபடுகிற இடத்தில் கட்டித் தொங்கவிட்டால் மாதக்கணக்கில் கெடாதாம். "உங்க மலேசியாவுல பூண்டு எங்கேருந்து வருது?" என்றார் அந்த அக்கா. பெரும்பாலும் சீனாவிலிருந்து என்றேன். "போகரும் அங்க போய்ட்டு வந்தவர்தானே" என்று அம்மா முடித்துவைத்தார்.

பேசிக்கொண்டிருக்கும்போதே அம்மா சொன்ன ஒன்று நான் அதுவரை கேள்விப்படாதது. பாட்டி பால் வெட்டிய காலத்தில், பால் வெட்ட ஒதுக்கிய மரவரிசையான நிரை தூரமாக விழுந்தால் ஆயாவிடம் விடாமல் கைக்குழந்தையை முதுகில் கட்டிக்கொண்டு போவாராம். வேலையை மேற்பார்க்கும் கங்காணி திட்டுவாராம். பாட்டி கேட்கமாட்டாராம். "இருட்டுல பிள்ளை கூட இருந்தா ஒண்ணும் அண்டாதுன்னு சொல்லும். முதுகுல இருந்தது நான்தான்."

திரும்பி வந்த வெள்ளிக்கிழமை, விபூதிப் பொட்டலத்தோடு பழைய தோட்டத்துக் கோயிலுக்குப் போனோம். தொழிலாளர் குடியிருப்பான லயங்களை இடித்துவிட்டார்கள், பால்மரம் போய் எல்லாம் செம்பனை, எண்ணெய்ப் பனை. சனங்கள் தாமான் (குடியிருப்புப் பேட்டை) வீடுகளுக்குப் போய்விட்டாலும் வெள்ளி பூசைக்கு வண்டி எடுத்துக்கொண்டு வந்துவிடுகிறார்கள். பூசை முடிந்ததும் அம்மா எல்லோருக்கும் விபூதி கொடுத்தார். சின்னப் பிள்ளைகள் சூழ்ந்துகொள்ள, கதை தொடங்கியது. காவித் துணி வந்தது, குழந்தை வந்தது, ராட்சசி குனிந்து பார்த்தாள்.

அம்மா ஒரு நொடி என்னைப் பார்த்தார். பிறகு பிள்ளைகள் பக்கம் திரும்பி, "அழுதுகிட்டே போனா" என்றார்.