வானவன் மாதேவி ஈசுவரம்: கோச்சியில் (ரயிலில்) போய்வர ஒரு பகல்

பாடல் பெற்ற தலங்கள் ஈழத்தில் இரண்டுதான். கோணேசருக்கும் கேதீச்சரத்துக்கும் நேர்த்தி வைத்தவர்களுக்கு வழி சொல்ல ஊரில் பத்துப் பேர் இருக்கிறார்கள். பொலன்னறுவையில் சோழர் கட்டிவைத்த கற்றளியான வானவன் மாதேவி ஈசுவரத்துக்கு விளக்கேற்ற வேணும் என்று வீட்டுப் பெரியவர்கள் கேட்டால்தான் எல்லாரும் விழிக்கிறார்கள். பள்ளிக்கூடச் சுற்றுலாவில் பஸ்ஸில் இருந்தபடியே பார்த்த ஞாபகம் மட்டும் பலருக்கு இருக்கும். அது இறங்கிக் கும்பிட வேண்டிய இடம். மட்டக்களப்பிலிருந்து கோச்சியில் வெளிக்கிட்டால் பொழுதுபட முன் வீடு திரும்பலாம்.

கொழும்புக்குப் போகும் காலைக் கோச்சி உதயதேவி. அதுதான் இந்தப் பயணத்துக்குத் தோதானது. இரவுக் கோச்சியில் போனால் நடுச்சாமத்தில் இறங்கி விடியும்வரை நிலையத்தில் குந்தியிருக்க வேண்டிவரும். நேர அட்டவணை அடிக்கடி மாறும், பாதை வேலை வந்தால் சேவையே நிற்கும். ஆகவே முதல் நாள் நிலையத்தில் நேரில் கேளுங்கள், அல்லது அரச தகவல் நிலையத்தின் 1919க்கு எடுங்கள். மூன்றாம் வகுப்புக்கு டிக்கெட் அன்றைக்கு எடுத்தால் போதும், ஆனால் நீண்ட விடுமுறை நாளிலும் போயா (பௌர்ணமி) நாளிலும் இருக்கை கிடைக்காது. கைலேஞ்சியை யன்னலால் எறிந்து முழுச் சீட்டையும் பிடிக்கும் கூட்டத்தோடு மல்லுக்கட்டச் சிவன் நமக்குத் தெம்பு தரவேணும். சாதாரணத் திங்கட்கிழமை நல்லது, பிரதோஷம் சேர்ந்து வந்தால் இன்னும் நல்லது. போகும்போது இடது பக்கம் உட்காருங்கள். வாழைச்சேனை வரை வெயில் வலது யன்னலால்தான் அடிக்கும்.

அங்கே ஐயர் இல்லை, அருச்சனைச் சீட்டு இல்லை, பூக்கடை இல்லை. திரி தொடக்கம் தீப்பெட்டி வரை நாம்தான் கொண்டுபோக வேண்டும். போய் நின்று கையை விரிப்பவர்கள் அதிகம் என்பதால் இதைக் கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டியிருக்கிறது. திரிகளை முதல் இரவே நெய்யில் ஊறவைத்து மூடியுள்ள சிறு தகரப் பேணியில் அடுக்கிக்கொள்ளுங்கள். எண்ணெய்ப் போத்தல் கோச்சி ஆட்டத்தில் ஒழுகிப் பையெல்லாம் நாறடிக்கும், நெய்த்திரி என்றால் அந்தத் தொல்லை இல்லை. ஆளுக்கு இரண்டு மண்சிட்டி (அகல் விளக்கு) போதும். கற்பூரத்தை ஈயத்தாளில் இறுக்கிச் சுற்றாவிட்டால் வெக்கையில் பாதி கரைந்துவிடும். தீப்பெட்டி இரண்டு வேண்டும். வாசல் கிழக்கே பார்த்தது, காலைக் காற்று நேரே உள்ளே அடிக்கும், ஒரு திரி பற்றமுன் ஆறேழு குச்சி போய்விடும்.

வில்வத்தைத் திங்களன்று பறிக்கக் கூடாது என்பது தெரிந்ததே, ஞாயிறு காலையிலேயே பறித்து வாழையிலையில் மடித்து ஈரத்துணியால் சுற்றி வைத்தால் மறுநாளும் பச்சையாக இருக்கும். சொப்பிங் பைக்குள் போட்டால் வேர்த்துக் கறுத்துப்போகும். பாலை முதல் இரவே பிறீசரில் கட்டியாக்கிப் போத்தலோடு கொண்டுபோனால் ஒன்பது ஒன்பதரைக்கு உருகி, திரையாமல் இருக்கும். காய்ச்சாத பாலைச் சும்மா கொண்டுபோனால் வெலிக்கந்தை தாண்டமுன் திரைந்துவிடும். தண்ணீரும் வீட்டுக் கிணற்றிலிருந்தே. அபிஷேகத்துக்கு ஒரு போத்தல், குடிக்க ஆளுக்கு இரண்டு லீற்றர். சாப்பாட்டுக்குப் புளிச்சோறு கட்டுங்கள். தயிர்ச்சோறு பத்து மணிக்கே புளிக்கத் தொடங்கும், இடியப்பம் காய்ந்து கயிறாகும்.

ஏறாவூர், கல்குடா, வாழைச்சேனை தாண்டினால் ஓட்டமாவடிப் பாலம். ஒருகாலத்தில் பஸ்ஸும் கோச்சியும் அந்த ஒரே பாலத்தில்தான் போய்வந்தன. கேற்றை மூடிவிட்டு வாகனங்கள் வரிசையாகக் காத்து நின்றதை மூத்தவர்கள் இன்றும் சொல்வார்கள். மகாவலிக்கு மேலே மன்னம்பிட்டிப் பாலமும் அப்படித்தான் இருந்தது, 2007இல் பக்கத்தில் புதுப்பாலம் வந்தபிறகுதான் தெருவும் தண்டவாளமும் பிரிந்தன. புனானையிலிருந்து இருபுறமும் காடு. கோச்சி ஊர்ந்துபோனால் சினக்க வேண்டாம், அது யானை நடமாடும் இடம். 2025 பெப்ரவரியில் பொலன்னறுவைக்கு அப்பால் இதே பாதையில் கோச்சி மோதி ஆறு யானைகள் செத்தன. கணபதியை நினைத்து வெளிக்கிட்டவர்கள் அரைமணி பிந்துவதற்கு முகம் சுளிக்கலாமா?

இறங்க வேண்டிய இடத்தின் பெயர்ப்பலகையில் பொலன்னறுவை என்றிருக்கும், ஆனால் நிலையம் நிற்பது கதுருவெலவில். பழைய நகரம் அங்கிருந்து மேற்கே ஏறத்தாழ நான்கு கிலோமீற்றர். வாசலிலேயே ஓட்டோக்காரர்கள் சூழ்ந்துகொள்வார்கள். முழு நகரமும் சுற்றிக்காட்டுகிறேன், சிலைக் கடையில் இறக்குகிறேன், கல்லுக் கடையில் இறக்குகிறேன் என்று விடவே மாட்டார்கள். வெளிநாட்டிலிருந்து வந்த சொந்தக்காரர் கூட இருப்பது தெரிந்தால் விலை இரட்டிக்கும். ஏறமுன்னமே பேசிக்கொள்ள வேண்டியவை மூன்று: இரண்டு சிவன் கோயிலும் போகவேணும், முதலில் இரண்டாம் இலக்கக் கோயிலான வானவன் மாதேவி ஈசுவரம், காத்து நின்று திரும்பவும் கதுருவெலவில் விடவேணும். சிங்களத்தில் ‘சிவ தேவாலய’ என்றாலே விளங்கும். இலக்கத்தை அழுத்திச் சொல்லாவிட்டால் கூரையில்லாத முதலாவது கோயிலில் நிறுத்திவிட்டு இதுதான் என்பார்கள், நாமும் நம்பிக் கும்பிட்டுத் திரும்பிவிடுவோம். வெளிநாட்டுக் கடவுச்சீட்டுள்ளவர்களுக்குத் தொல்பொருள் நுழைவுச்சீட்டு வேண்டும், அதை அருங்காட்சியகத்தில் முதலே எடுத்துக்கொள்ளுங்கள். மற்றவர்கள் அடையாள அட்டையை மறக்காதீர்கள்.

இரண்டாம் இலக்கம் என்று தொல்பொருள்காரர் எண் போட்டுவைத்திருக்கிறார்கள். அதற்குச் சொந்தப் பெயர் இருக்கிறது, வானவன் மாதேவி ஈசுவரம். சோழ அரசி ஒருத்தியின் பெயர் அது, அங்கேயுள்ள தமிழ்க் கல்வெட்டுகளால் நமக்குத் தெரிகிறது. இந்த நகரம் சனநாதமங்கலம் என்று பெயர் பூண்டிருந்த 11ஆம் நூற்றாண்டில் எழுந்த கோயில். சோழ மன்னன் அதிராசேந்திரன் காலத்துக் கல்வெட்டும் இங்கே உண்டு. அடி முதல் சிகரம் வரை முழுக்கக் கல். முன்மண்டபம் செங்கல்லில் இருந்ததால் இடிந்துபோய்விட்டது, விமானம் மட்டும் கட்டினபடியே நிற்கிறது. மதிலடியில் கிடக்கும் நந்திகளில் தலை உடைந்தவையும் உண்டு. கொக்கட்டிச்சோலையில் புல்லுத் தின்று பறங்கியரை மிரளவைத்ததாகச் சொல்லப்படும் கல் நந்தியைக் கும்பிட்டு வளர்ந்த கண்ணுக்கு அந்தக் காட்சி கொஞ்சம் கடினம்தான். தடவிவிட்டு நகர்ந்துவிடுங்கள், நேரம் உள்ளே வேண்டும்.

செருப்பை வெளியே விடாமல் பைக்குள் வையுங்கள். பத்து மணிக்குப் பிறகு மணலும் கல்லும் சுடும், ஓடிப்போய்ப் போட்டுக்கொள்ளத் தோன்றும். குரங்குகள் பார்த்துக்கொண்டே இருக்கும். வாழைப்பழம் வெளியே தெரிந்தால் பையோடு போய்விடும். பழத்தைக் கடைசியில் எடுத்து, நைவேத்தியம் முடிந்த கையோடு பகிர்ந்துவிட வேண்டும்.

உள்ளே நுழைந்ததும் ஒன்றும் தெரியாது. வௌவால் நெடி இருக்கும், தரை வழுக்கவும் கூடும். சுவரைப் பிடித்துக்கொண்டு ஒரு நிமிடம் அப்படியே நில்லுங்கள். வெளிவெயிலில் கூசின கண் மெல்லத் திறக்கும். முதலில் ஆவுடையாரின் விளிம்பு, பிறகு பாணம். பட்டு இல்லை, நாகாபரணம் இல்லை, திருவாசி இல்லை. யாரோ காலையில் வைத்துவிட்டுப் போன இரண்டு அலரிப்பூ இருக்கும், அல்லது அணைந்த சிட்டி ஒன்று. சிங்களத் தாய்மாரும் இங்கே வந்து விளக்கு வைக்கிறார்கள். கற்பூரத்தை மண்தட்டில் வைத்துக் கொளுத்துங்கள், கல்லின்மேல் வைக்க வேண்டாம். சுவாலை எழும்பின அந்தக் கணத்தில் நாலு சுவரும் ஒரேயடியாக முன்னுக்கு வந்து நிற்கும், நடுவில் அவர். ஊர்க்கோயிலில் திரைக்கும் ஐயருக்கும் முன்னால் நிற்பவரின் தோளுக்கும் ஊடாக எட்டி எட்டிப் பார்த்த சிவன், இங்கே கைநீட்டினால் தொடுகிற தூரத்தில். என்ன கேட்க வந்தோம் என்பது அநேகருக்கு அந்த இடத்தில் மறந்துபோகும், கண்ணீர்தான் வரும். ஆட்சி எத்தனையோ மாறியும், காடு மூடியும், காடு வெட்டியும், விலக்கவே முடியாதவராய் அங்கேயே இருந்த பெருமானே, எங்களுக்காகத்தானா இருந்தீர்!

அபிஷேகம் ஒரு செம்போடு நிற்கட்டும். காவலர் நின்றால் அவரிடம் ஒரு வார்த்தை கேட்டுவிட்டு ஊற்றுங்கள். எண்ணெயைக் கல்லில் தடவுவது, ஊதுபத்தியைக் கல் இடுக்கில் செருகுவது, படியில் தேங்காய் அடிப்பது மூன்றும் கூடாது. எண்ணெய்க் கறை கல்லுக்குள் இறங்கினால் கழுவ வழியில்லை, புகை எழுத்தை மூடும், தேங்காய் அடிக்கும் ஒவ்வோர் அடியும் பழங்கல்லின் ஓரத்தைப் பெயர்க்கும். தேங்காயை முழுதாகவே படைத்து வீட்டுக்குக் கொண்டுவந்து உடைக்கலாம். தேவாரம் முதலான ஐந்து பாடல்கள் கொண்ட பஞ்சபுராணத்தைப் புத்தகம் பாராமல் பாடத் தெரிந்த ஒருவர் கூட்டத்தில் இருப்பது நல்லது, உள்ளே வாசிக்க வெளிச்சம் போதாது. குரல் அந்தக் கற்கருவறைக்குள் சுழன்று வரும், மெல்லப் பாடினாலே நிறைந்துவிடும். முடிந்ததும் சிட்டி, ஈயத்தாள், குச்சி எல்லாவற்றையும் பொறுக்கிக்கொள்ளுங்கள். வலம் வரும்போது வடபுறம் கோமுகியைத் தாண்டாமல் திரும்ப வேண்டும்.

மற்றவற்றுக்கு எஞ்சிய நேரம்தான். முதலாம் சிவ தேவாலயம் பாண்டியர் பாணியில் பிந்திக் கட்டியது. கூரை போய்விட்டாலும் கல்லோடு கல் பொருந்திய நேர்த்தியைப் பார்க்கலாம், லிங்கமும் உண்டு. நடராசர், அம்பாள், நால்வர் என்று செப்புத் திருமேனிகள் மண்ணிலிருந்து எழுந்தது இந்த நகரத்தில்தான். முக்கியமானவை கொழும்பு அருங்காட்சியகத்துக்குப் போய்விட்டன. பூசைக்கென வார்த்த மேனிகளைக் கண்ணாடிக்குப் பின்னால் பார்க்கும்போது மனம் ஒருமாதிரியாகும், ஆனாலும் காப்பாற்றி வைத்தார்களே என்று கும்பிடத்தான் வேண்டும். தளதா மளுவ என்ற பழைய பௌத்த வளாகத்தில் அட்டதாகே என்ற கட்டடத்துக்குப் பக்கத்தில் நிற்கும் நீண்ட கல்லை மட்டும் விட்டுவிடாதீர்கள். வேளைக்காரப் படையினர் புத்தரின் தந்ததாது இருந்த கோயிலுக்குக் காவல் நிற்போம் என்று தமிழில் வெட்டிவைத்த சாசனம் அது. அங்கேயும் தொப்பியும் செருப்பும் கழற்ற வேண்டும், உச்சிவெயிலில் அந்தக் கல்தளத்தில் கால் வைக்க முடியாது, பழைய காலுறை ஒரு சோடி பையில் இருக்கட்டும். புத்தர் சிலைகள் உள்ள கல் விகாரை வரை போக ஆசைப்பட்டால் கோச்சியை விட்டுவிட வேண்டும்.

திரும்புவதற்குக் கொழும்பிலிருந்து வரும் உதயதேவி மத்தியானம் தாண்டிய கையோடு கதுருவெலவைக் கடக்கும். அது குறித்த நேரத்துக்கு வருவது அபூர்வம், ஆனாலும் அரைமணி முன்னரே மேடையில் நிற்பதுதான் புத்தி. தவறினால் கவலைப்பட ஒன்றுமில்லை. கதுருவெல பஸ் நிலையத்திலிருந்து மன்னம்பிட்டி, வெலிக்கந்தை, வாழைச்சேனை வழியாக மட்டக்களப்புக்குப் பஸ் ஓடுகிறது. இருக்கை கிடைக்காமல் நின்றபடி வந்தாலும் பொழுதுபடமுன் வந்துவிடலாம். வெக்கை, புழுதி, ஓட்டோக்காரருடன் வாக்குவாதம், காலில் கொப்புளம் எல்லாம் இருக்கத்தான் செய்யும். அதெல்லாம் ஒரு கணக்கா? ஐயரும் மேளமும் கொடியேற்றமும் இல்லாத இடத்தில், நாம் கொண்டுபோன ஒரு செம்புப் பாலையும் நாலு வில்வத்தையும் மறுக்காமல் ஏற்றுக்கொண்டாரே. பேணிக்குள் எஞ்சிய நெய்த்திரிகளை மட்டக்களப்பு மாமாங்கேசுவரர் சந்நிதியில் ஏற்றிவிடுங்கள், சிவனுக்கென்று ஊறவைத்ததை வீட்டுக் குசினியில் வைக்க வேண்டாம்.