மயிலிட்டித் துறைமுகத்தில் நம்ம ஊர் விசைப்படகுகள்

நாகப்பட்டினத்தில் கப்பல் ஏறி யாழ்ப்பாணத்துக் காங்கேசன்துறையில் இறங்கினால், முதல் வயிற்றெரிச்சல் ஓட்டோவில். பக்கத்தில் இருக்கும் மயிலிட்டிக்கு 2500 ரூபாய் கேட்டார். இலங்கை ரூபாய்தான், ஆனாலும் பகல்கொள்ளை! பேசிப் பேசி 1200க்கு இறக்கினேன். மதியச் சாப்பாட்டுக்கு வைத்திருந்த காசில் கைவைக்க வேண்டியதாயிற்று.

ஊருக்குள் கூரையில்லாத வீடுகள், சுவரைப் பிளந்துகொண்டு வளர்ந்த ஆலமரங்கள். அதையொட்டியே புதுச் சுண்ணாம்பு அடித்த சின்ன வீடுகள். 1990 ஜூனில் போரில் உடுத்திய துணியோடு ஓடிய சனம் இது. ராணுவம் துறைமுகத்தை விட்டது 2017 ஜூலையில்தான். 27 வருடம் முகாமிலும் வாடகை வீட்டிலும் கிடந்துவிட்டு, கடன் வாங்கிப் படகும் இஞ்சினும் வாங்கித் தொழிலைத் திரும்பத் தொடங்கியிருக்கிறார்கள்.

துறைமுகத்தில் எனக்குப் பகீரென்றது. தமிழ்நாட்டுப் பதிவெண்ணோடு வரிசையாக விசைப்படகுகள்! எல்லை தாண்டியதாகக் கடற்படை பிடித்து வைத்தவை. துருவேறி, இடத்தை அடைத்துக்கொண்டு நிற்கின்றன. உள்ளூர்க்காரர்களின் சின்னப் படகுகள் இடுக்கில் ஒதுங்கியிருக்கின்றன.

நிழலில் ஒரு பெரியவர் வலையை மடியில் போட்டுத் தைத்துக்கொண்டிருந்தார். நடுவில் ஆள் நுழையும் அளவுக்குக் கிழிசல்.

“றோலர் (நம்மூர் இழுவைமடிப் படகு) இழுத்தது தம்பி. விடியப் போய்ப் பாத்தா மிதவையும் கயிறும்தான் கிடந்தது. திங்கள், புதன், சனி அவையள் வாற நாள். அண்டைக்கு நாங்கள் வலை விடுறேல்ல. இருட்டில படகையே இடிச்சுப்போட்டுப் போயிடுவாங்கள்.”

வாரத்தில் மூன்று இரவு வருமானமில்லை, கடன் தவணை மட்டும் நிற்காது. இழுவைமடி கடலடியைச் சுரண்டிக் குஞ்சு மீனையும் வாரிவிடும். இலங்கை அதை 2017இலேயே சட்டம் போட்டுத் தடுத்துவிட்டது. நம் பக்க மீனவர்கள் சிறைக்குப் போவதும் சுடப்பட்டதும் கொடுமைதான், மறுக்கவில்லை. அதற்காக, போரில் எல்லாம் இழந்து மீண்டு வந்தவர்களின் வலையை அறுப்பதை எந்த நியாயத்தில் சேர்ப்பது? இழுவைமடியை நாம்தான் நிறுத்த வேண்டும்.

சாப்பாடு பற்றிச் சொல்லாமல் விட முடியாது. சந்திப் பக்கத்துச் சின்னக் கடையில் விளைமீன் குழம்பு, கணவாய்ப் பிரட்டல், தேங்காய்ப்பால் சொதி, எல்லாம் 700 ரூபாய். சொதியை இரண்டு முறை கேட்டு வாங்கினேன்.

மீன் வந்து இறங்குவதைப் பார்க்க ஆசையென்றால் செவ்வாய், வியாழன், ஞாயிறு காலையில் போகாதீர்கள். முந்தின இரவு றோலருக்குப் பயந்து பாதிப் படகு கரையில்தான் இருந்திருக்கும்.