கையெழுத்து எங்க போடணும்?

2013ல சென்னைல ஒரு ஃபெர்ட்டிலிட்டி சென்டர்ல ஸ்டாஃப் நர்ஸா சேர்ந்தேன். வாடகைத் தாய்ங்களுக்குன்னு தனியா ஒரு வீடே பிடிச்சு வச்சிருந்தாங்க, குழந்தை பொறக்குற வரைக்கும் அங்கதான், புருஷனும் பிள்ளைங்களும் ஞாயித்துக்கிழமை வந்து பாத்துட்டுப் போவாங்க.

என் வேலை முக்காவாசி ஊசி போடுறதுதான். கர்ப்பம் தங்குறதுக்கான ஹார்மோன், புரொஜெஸ்ட்ரான் ஊசி, எண்ணெய் மருந்து, கெட்டியா இருக்கும், உள்ளங்கைல வச்சு உருட்டி சூடாக்கிட்டுத்தான் இறக்கணும், இல்லன்னா கட்டிக்கும். மருந்து குடுத்துதான் கர்ப்பப்பையை ரெடி பண்றோம்கறதால உடம்பு தானா அதை சுரக்காது, மூணு மாசம் வரைக்கும் வெளிய இருந்துதான் குடுத்தாகணும். ஒரு அக்கா ஒவ்வொரு ஊசிக்கும் கணக்கு சொல்லும், இது வட்டிக்கு, இது பாப்பா ஃபீஸுக்குன்னு.

கன்சென்ட் ஃபார்ம் முழுக்க இங்கிலீஷ். நான் தமிழ்ல சொல்லிட்டே வருவேன், பாதிலயே "கையெழுத்து எங்க போடணும் சிஸ்டர்"னு கேப்பாங்க. நானும் விரல் வச்சு காமிச்சிருக்கேன். அது இன்னிக்கும் உறுத்துது.

2022 ஜனவரில வாடகைத் தாய் சட்டம் அமலுக்கு வந்துச்சு. காசே கூடாது, மருத்துவச் செலவும் 36 மாச இன்சூரன்ஸும்தான், 25லேர்ந்து 35 வயசுக்குள்ள இருக்கணும், சொந்தப் பிள்ளை இருக்கணும், ஆயுசுக்கு ஒரே தடவை. நல்லதுன்னுதான் நினைச்சேன். ஆனா காசில்லாம யாரு வருவாங்க, எல்லாரும் வீட்டுக்குள்ளயே தேட ஆரம்பிச்சாங்க.

அப்படி ஒரு பொண்ணு வந்தா, நாத்தனாருக்காக சுமக்க. மாமியார், நாத்தனார், புருஷன்னு ஒரு படையே கூட. தனியா உக்கார வச்சு முழு சம்மதமா, கரு வைக்கிற வரைக்கும் வேணாம்னு சொல்ல உனக்கு உரிமை இருக்கும்மான்னு கேட்டா கதவையே பாக்குறா. "மாட்டேன்னுட்டு அந்த வீட்ல எப்படி சிஸ்டர் சோறு திங்குறது?"

டாக்டர்கிட்ட சொன்னேன். இன்னொரு நாள் கூப்பிட்டுப் பேசினாங்க, அன்னிக்கு சிரிச்சிட்டே சம்மதம்னுட்டா. குழந்தை யாருக்குன்னு சொல்ற மாஜிஸ்திரேட் ஆர்டர் வரைக்கும் பேப்பர்ல ஒரு குத்தம் சொல்ல முடியாது. வட்டிக் கணக்கு சொன்ன அக்காவுக்காச்சும் கடன் அடைஞ்சா முடிஞ்சுது, இவளுக்கு எது அடையணும்னே எனக்குப் புரியல.

பிரசவம் ஆனதும் பால் நிக்க மாத்திரை குடுப்போம். அந்த அக்கா எதுன்னு கூட கேக்காம முழுங்கிச்சு. இவ உள்ளங்கைல வச்சுப் பாத்துட்டே இருந்தா. வெளிய மாமியார், சீம்பால் குழந்தைக்கு நல்லதாச்சே, நாலு நாள் குடுக்கட்டுமேன்னு பேசிட்டிருக்காங்க.

"இதையும் அவங்களக் கேட்டுட்டுதான் போடணுமா சிஸ்டர்?"

தண்ணி கிளாஸை கைல பிடிச்சுக்கிட்டு நின்னேன்.