பரங்கிமலைச் சிலுவையில் ஒரு மன்றாட்டு

சென்னை பரங்கிமலை ஆலயத்தின் பலிபீடத்தில் உள்ள கற்சிலுவையை இயேசுவின் சீடரான தோமையாரே தம் கையால் செதுக்கினார் என்றும், 1558 டிசம்பர் 18 அன்று திருப்பலி நடந்துகொண்டிருக்கும்போதே அது குருதி வியர்த்தது என்றும் சொல்வார்கள். அந்த நம்பிக்கையை நான் மதிக்கிறேன். ஆனால் சில ஆண்டுகளாக நான் தேடிக்கொண்டிருப்பது, சிலுவையைச் சுற்றி வளைவாக ஓடும் ஒற்றை வரி எழுத்தின் பொருளைத்தான்.

1547இல் போர்த்துகீசியர் மலையுச்சியில் தோண்டியபோது இந்தக் கல் கிடைத்தது. பிறகு ஒரு பிராமணரை அழைத்து வந்ததாகவும், ஒவ்வோர் எழுத்தும் பல சொற்களுக்கு ஈடு என்று விளக்கி, அவர் தோமையாரின் கதையையே அதிலிருந்து வாசித்ததாகவும் அவர்களுடைய குறிப்புகள் கூறுகின்றன. ஒரு சிறு வாக்கியம் மட்டுமே கொள்ளும் வரியில் இத்தனை பெரிய வரலாற்றை ஏற்றியது எனக்கு வருத்தமாகவே இருக்கிறது. கேட்க விரும்பியதையே கல் சொல்ல வேண்டும் என்ற அவசரம் அதில் தெரிகிறது.

தஞ்சை அரண்மனைச் சுவடிகளுக்கு அட்டவணை தொகுத்த பர்னல்தான் 1873இல் இந்தப் பாரசீக பகலவி எழுத்தைப் பற்றி விரிவாக எழுதினார். வலமிருந்து இடமாக எழுதப்படும் பகலவியில் ஒரே கோடு வகரமாகவும் னகரமாகவும் ரகரமாகவும் நிற்கக்கூடும் என்பதால், ஒரு கொக்கியை எப்படிப் படிக்கிறோமோ அதற்கேற்ப வாக்கியமே மாறிவிடுகிறது. பர்னல் அதில் சிலுவையில் பட்ட பாடுகளைப் பற்றிய இறையியல் கூற்றைக் கண்டார். 1920களின் இறுதியில் விங்க்வொர்த் என்ற ஆய்வாளர் கண்டதோ ஒரு மனிதனின் மன்றாட்டு: இதை வெட்டிய, சகார்புக்த்தின் மகனான சிரியன் அஃப்ராஸ் மீது ஆண்டவர் கிறிஸ்து இரங்க வேண்டும்.

என் மனம் இந்த வாசிப்பின் பக்கமே சாய்கிறது. கீழே விரியும் இதழ்கள், மேலே இறங்கும் புறா, இருபுறத் தூண்களின் மீது மகர விலங்குகள் என நம் ஊர்ச் சிற்பிக்குப் பழகிய வடிவங்களுக்கு நடுவே, கடல் கடந்து வந்த ஒருவனின் பெயர் இருப்பது பொருத்தமாகத் தோன்றுகிறது. ஆயினும் ஒரு சிக்கல் உண்டு. கேரளத்தின் கோட்டயத்தில் வலியபள்ளி என்ற தேவாலயத்தில் உள்ள சிலுவையிலும் இதே வாக்கியம் இருக்கிறது. அஃப்ராஸ் ஒருவனே இரண்டையும் வெட்டினானா, அல்லது பகலவி அறியாத சிற்பி ஒருவர் முதல் கல்லைப் பார்த்துக் கோடு கோடாகப் பெயர்த்தாரா? இரண்டாவது உண்மையானால், நகலில் எங்கேனும் ஒரு கொக்கி பிசகியிருக்க வேண்டும். அதனால்தான் இரு கற்களின் படங்களையும் அருகருகே வைத்து, இப்போது எழுத்தெழுத்தாக ஒப்பிட்டு வருகிறேன்.